சோற்றுக்கும் தண்ணீருக்கும் நடுவில்

ஜன்னல் திட்டின் மேல் ஒரு கண்ணாடிப் பாத்திரம். அதற்குள் மழைக்கால வெளிச்சம்.

ஐப்பசி வெளிச்சம். வெயிலும் இல்லை, இருட்டும் இல்லை. கழுவிக் கவிழ்த்த வெள்ளிக் கிண்ணம் போல ஒரு வெளிச்சம். வெளியே மழை பெய்தது, நின்றது, யோசித்தது, மறுபடி பெய்தது. ஒவ்வொரு முறையும் பாத்திரத்துக்குள் வெளிச்சம் கொஞ்சம் மங்கி, கொஞ்சம் மலர்ந்தது.

பாத்திரத்தில் இன்னும் எதுவும் ஊற்றவில்லை. அடுப்பில், ஆறினால் உறையும் கடல்பாசி கொதித்துக்கொண்டிருந்தது. காய்ந்த நூல்கற்றை போல இருந்த பாசி, தண்ணீருக்குள் கரைந்து கரைந்து, கண்ணுக்குத் தெரியாமல் போய்க்கொண்டிருந்தது.

பல்கீஸ் கிண்டினாள். கிண்டிக்கொண்டே மகளைப் பார்த்தாள்.

ருமைசா சமையல்கட்டுத் தரையில் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ஏழு வயதுப் பிள்ளை. போன பெருநாளுக்குத் தைத்த கவுன். அப்போது இறுக்கிப் பிடித்த கவுன். இப்போது தோளை விட்டு நழுவியது.

ஏதாவது ஒன்று இந்தப் பிள்ளையின் தொண்டைக்குள் இறங்க வேண்டும். பாலைத் தவிர. தண்ணீரைத் தவிர. ஏதாவது ஒன்று.

கடல்பாசி கொதித்தது.

*

கோடையில் நடந்தது அது.

பல்கீஸின் சாச்சி மகனுக்குக் கல்யாணம். கீழக்கரையில் தெருவை அடைத்துப் பந்தல். ஒரு பெரிய தட்டைச் சுற்றி நாலைந்து பேர் உட்கார்ந்து அள்ளித் தின்னும் சகன் விருந்து. நெய்ச்சோற்றின் ஆவி பந்தல் துணியைத் தொட்டுக்கொண்டிருந்தது. ருமைசா வாப்பாவோடுதான் உட்காருவேன் என்று ஆண்கள் பக்கம் ஓடிவிட்டாள்.

யாரோ ஏதோ வேடிக்கை சொன்னார்கள். வாய் நிறையக் கறியோடு பிள்ளை சிரித்தாள்.

சத்தமே வரவில்லை. மூச்சு அடைத்தால் சத்தம் வராது என்பது பல்கீஸுக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. திரைச்சீலைக்கு அந்தப் பக்கம் புருஷன் அசனின் குரல்தான் கேட்டது. "யா அல்லாஹ், புள்ள." அவ்வளவுதான். அவள் திரையை விலக்கிக்கொண்டு ஓடினாள்.

மகளின் உதடு நாவற்பழ நிறத்தில் இருந்தது.

அசன் பிள்ளையைத் தொடையில் கவிழ்த்துப் போட்டு, தலையைக் கீழே தாழ்த்தி, உள்ளங்கையால் முதுகில் அடித்தான். அடித்தான். இன்னும் ஓங்கி அடித்தான். அவ்வளவு பெரிய கை, அவ்வளவு சின்ன முதுகு. யாரும் மூச்சு விடவில்லை.

பாயில் ஒரு கறித்துண்டு விழுந்தது. பிறகு அழுகை.

அந்த அழுகையைப் போல ஒரு நல்ல சத்தத்தைப் பல்கீஸ் அதுவரை கேட்டதில்லை. எல்லோரும் அல்ஹம்துலில்லாஹ் என்றார்கள். அவளும் சொன்னாள். முடிந்தது என்று நினைத்தாள்.

முடியவில்லை.

*

மறுநாள் சோற்றை வாயில் வைத்த பிள்ளை அதைக் கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். வெகுநேரம். கடைசியில் போய்த் துப்பினாள்.

"எறங்கமாட்டேங்குது உம்மா."

இட்லி இறங்கவில்லை. தேங்காய்ப்பாலில் ஊறிய இடியாப்பம் இறங்கவில்லை. மசித்த வாழைப்பழம் இறங்கவில்லை. ஓடுவது மட்டும்தான் உள்ளே போனது. பால். இளநீர். துணியில் வடித்த கஞ்சி. அதில் தப்பித் தவறி ஒரு பருக்கை வந்துவிட்டால், அன்றைக்கு முழுக்க வாய் மூடிக்கொள்ளும்.

ராமநாதபுரத்தில் காட்டினார்கள். பிறகு மதுரைக்குக் கூட்டிப்போனார்கள். மூக்கு வழியாகக் குழாய் விட்டுப் பார்த்தார்கள். டாக்டரம்மா நிதானமாகச் சொன்னார்.

"தொண்டையில ஒண்ணுமே இல்லம்மா. வழி நல்லா திறந்துதான் இருக்கு. பிள்ளை பயந்திருக்கா. கட்டாயப்படுத்தாதீங்க. தண்ணியிலருந்து கொஞ்சங் கொஞ்சமா கெட்டிக்குக் கொண்டுவாங்க."

ஆலிம்சா ஓதித் தந்த தண்ணீரைப் பிள்ளை குடித்தாள். தண்ணீர் என்பதால் குடித்தாள். உள்ளே சிக்கியதைத் தொக்கம் எடுக்கிற ஒரு அம்மா தொண்டையைத் தடவிப் பார்த்துவிட்டு, எடுக்க ஒன்றுமே இல்லையே என்றாள்.

ஒன்றுமே இல்லை. எல்லோரும் அதைத்தான் சொன்னார்கள். அந்த ஒன்றுமில்லாததுதான் ஆடி, ஆவணி, புரட்டாசி என்று தொண்டையை அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது.

பள்ளிக்கூடத்தில் பிள்ளை பெஞ்சில் தலை வைத்துப் படுத்துக்கொள்கிறாள் என்று டீச்சர் சொன்னார். குளிப்பாட்டும்போது பல்கீஸின் விரல்களில் விலா எலும்புகள் தட்டின. சோப்பை மெதுவாகத் தேய்த்தாள். இன்னும் மெதுவாக.

*

அசனைப் பற்றியும் சொல்ல வேண்டும்.

பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் அவனுக்குச் செருப்புக் கடை. பகலெல்லாம் ஊர்ப் பிள்ளைகளின் காலைத் தன் தொடைமேல் தூக்கி வைத்து, வாரை இழுத்து மாட்டி, விரலால் அழுத்திப் பார்ப்பான். அழுகிற பிள்ளைகூட அவன் கையில் கால் வைத்ததும் அமைதியாகிவிடும். அப்படி ஒரு கை.

அந்தக் கை பக்கத்தில் வந்தால் ருமைசாவின் முதுகு விறைத்தது. கல்யாண வீட்டிலிருந்து திரும்பிய நாள் முதல் அப்படித்தான். பிள்ளை ஒன்றும் சொன்னதில்லை. விலகி ஓடினதும் இல்லை. முதுகு மட்டும் விறைக்கும். ஒரு பலகை போல.

காப்பாற்றிய கை அது. அடித்த கையும் அதுதான். பிள்ளையின் முதுகுக்கு இரண்டையும் பிரித்துப் பார்க்கத் தெரியவில்லை.

அசன் அதைப் பார்த்தான். பார்த்த பிறகு வீட்டுக்குள் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நடந்தான். பிள்ளை பால் குடிக்க உட்கார்ந்தால் எழுந்து வெளியே போனான். மதியச் சாப்பாட்டைக் கடைக்கே எடுத்துப்போனான். ராத்திரிச் சாப்பாட்டுக்கும் ஏதாவது ஒரு காரணம் சொன்னான்.

"நான் இல்லாம இருந்தா அவ சாப்புடுவா பல்கீசு. என்னயப் பாத்தா அவளுக்கு அதுதான் ஞாபகம் வருது."

"அப்புடியெல்லாம் இல்ல மச்சான்."

"எனக்கே அதுதான் ஞாபகம் வருது."

ஒரு வீட்டில் மூன்று பேர். மூன்று பேரும் வேறு வேறு இடத்தில், வேறு வேறு நேரத்தில், ஒருவர் கண்ணில் ஒருவர் படாமல் வயிற்றை நிரப்பிக்கொண்டார்கள்.

*

பிறகு மழை தொடங்கியது. மழையோடு ஒரு தட்டு வந்தது.

நேற்றுச் சாயந்தரம் அடுத்த வீட்டு மைமூன் லாத்தா, வீட்டில் ஃபாத்திஹா ஓதினோம் என்று ஒரு தட்டைத் துணியால் மூடிக் கொடுத்துவிட்டுப் போனாள். வாழைப்பழம், பேரீச்சம்பழம், ஓரத்தில் ரோஸ் நிறத்தில் ஒரு துண்டு கடல்பாசி.

ருமைசா அந்தத் துண்டைப் பார்த்தாள். ஒரு விரலால் தொட்டாள். அது நடுங்கியது. மறுபடி தொட்டாள். மறுபடி நடுங்கியது. விளக்கு வெளிச்சம் அதற்குள் புகுந்து அந்தப் பக்கம் சிவப்பாக வெளியே வந்தது.

"உம்மா, இது சாப்பாடா, தண்ணியா?"

பல்கீஸ் வாழைப்பழத்தை உரித்துக்கொண்டிருந்தாள். அந்தக் கேள்வியில் கை நின்றது. கோடைக்குப் பிறகு இந்தப் பிள்ளை தின்கிற பொருளைப் பற்றிக் கேட்ட முதல் கேள்வி.

சாப்பாடு என்றால் தட்டை நகர்த்திவிடுவாள். தண்ணீர் என்றால் பொய்.

"ரெண்டும் இல்லம்மா. ரெண்டுக்கும் நடுவுல."

ருமைசா யோசித்தாள். விரல் நுனியில் ஒட்டியிருந்த இனிப்பை நக்கினாள். அவ்வளவுதான். அதற்குமேல் தொடவில்லை. ஆனால் தட்டை நகர்த்தவும் இல்லை. படுக்கப்போகும் வரை அந்த ரோஸ் துண்டு அவள் பக்கத்திலேயே இருந்தது. அவளும் அதுவுமாக உட்கார்ந்திருந்தார்கள்.

அன்றைக்குப் பல்கீஸுக்குத் தூக்கம் பிடிக்கவில்லை. மழைச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டே படுத்திருந்தாள். நடுவில். ரெண்டுக்கும் நடுவில். நடுவிலும் படிகள் வைக்கலாமே என்று தோன்றியது. தண்ணீர் மாதிரி ஒரு படி. தண்ணீரைவிடக் கொஞ்சம் கெட்டி. அதைவிடக் கொஞ்சம். அதைவிடக் கொஞ்சம்.

மேலிருந்து கீழே இறங்கலாமே. நிறம் நிறமாக.

*

இன்றைக்கு ஞாயிற்றுக்கிழமை. அசன் கடைக்குப் போயிருந்தான். மழைநாளில் செருப்பு அறுந்துபோகிறவர்கள் அதிகம்.

மேலே இருப்பது இளக்கம், கீழே இருப்பது கெட்டி. ஆனால் ஊற்றும்போது கீழேதான் முதலில். கெட்டியான படியில்தான் தொடங்க வேண்டும். பாலில் பாசியைத் தாராளமாகச் சேர்த்து, வழுக்கைத் தேங்காயைப் பொடிப்பொடியாக நறுக்கிப் போட்டாள். மென்று விழுங்க வேண்டிய துண்டுகள். ஒவ்வொரு துண்டையும் விரலில் நசுக்கிப் பார்த்துதான் போட்டாள்.

ஊற்றினாள். வெள்ளை. பாத்திரத்தின் அடியில் வெள்ளை அமைதியாகப் படுத்துக்கொண்டது.

"தொட்டுப் பாரும்மா. விரல்ல ஒட்டுதா?"

ருமைசா எழுந்து வந்து தொட்டாள். "ஒட்டுது."

"அப்ப இன்னும் கொஞ்சம் நேரம்."

ஆனால் பல்கீஸ்தான் பொறுக்கவில்லை. பச்சையைக் கொதிக்கக் கொதிக்க எடுத்து, உயரத்திலிருந்து ஊற்றிவிட்டாள். பச்சை வெள்ளையைத் துளைத்துக்கொண்டு கீழே போனது. வெள்ளை உடைந்து மேலே வந்தது. பாத்திரம் முழுக்கக் குளத்துப் பாசி போல ஒரு கலங்கல்.

இருவரும் பார்த்துக்கொண்டே நின்றார்கள்.

"கலங்கிருச்சு உம்மா."

பல்கீஸ் அடுப்பை அணைத்தாள். ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். சின்ன விஷயம்தான். கொட்டிவிட்டு வேறு செய்யலாம். ஆனால் கோடையிலிருந்து சேர்ந்தது எல்லாம் அந்தக் கலங்கலுக்குள் இருந்தது போலிருந்தது. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். வியர்வை என்று சொல்லிக்கொள்ளலாம்.

மழை வலுத்தது. ஜன்னல் கம்பிகளில் நீர் சரம் கட்டியது.

ருமைசா அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு பரணுக்குக் கீழே இருந்த கடல்பாசிப் பொட்டலத்தை எடுத்து, மிச்சம் இருந்ததைத் தண்ணீரில் ஊறப்போட்டாள். தானாகவே. அம்மா செய்ததைப் பார்த்தபடியே.

"மறுபடி ஊத்துவோம் உம்மா. இந்தத் தடவ நான் ஊத்தறேன்."

*

மறுபடி வெள்ளை. மறுபடி வழுக்கை. பல்கீஸின் கை அவசரப்பட்டது. மகளின் மனது மாறுவதற்குள் காய்ச்ச வேண்டும், மாறுவதற்குள் வடிக்க வேண்டும், மாறுவதற்குள் ஊற்ற வேண்டும்.

ஊற்றிய பிறகு காத்திருந்தார்கள்.

கடல்பாசிக்குக் காத்திருப்பது வேறு மாதிரி. முழுக்க உறைந்துவிட்டால் அடுத்த நிறம் ஒட்டாது, வழுக்கிக்கொண்டு தனியாக வந்துவிடும். உறையாவிட்டால் கலங்கிப்போகும். விரலால் தொட்டால் ஒட்டவும் வேண்டும், விரலோடு வரவும் கூடாது. அந்தக் கணத்தைப் பிடிக்க வேண்டும்.

ருமைசா பிடித்தாள். ஒவ்வொரு முறையும் அவள் விரல்தான் சொன்னது. "இப்ப." உடனே பச்சை. சூடு தணிந்த பச்சையைக் கரண்டியின் முதுகில் விட்டு, கரண்டியிலிருந்து வழியவிட்டாள். பச்சை வெள்ளையின் மேல் சத்தமில்லாமல் பரவியது.

"இப்ப." மாம்பழச் சாற்றில் காய்ச்சிய மஞ்சள்.

"இப்ப." ரோஸ்.

கடைசியில் நிறமே இல்லாத ஒன்று. இளநீரில் பாசியைப் பேருக்குக் கலந்து ஊற்றியது. உறைந்தும் உறையாமல், கண்ணாடி மேல் நின்ற மழைத்தண்ணீர் போல அது மேலே நின்றது.

கரண்டு போனது. ஃப்ரிட்ஜின் முனகல் நின்றது. மழை மட்டும் மிச்சம். பாத்திரத்தை மறுபடி ஜன்னல் திட்டுக்குக் கொண்டுபோய் வைத்தார்கள். சாம்பல் வெளிச்சம் உள்ளே போய், நிறம் நிறமாக வெளியே வந்தது. ருமைசாவின் கன்னத்தில் கொஞ்சம் ரோஸ். நெற்றியில் கொஞ்சம் மஞ்சள்.

ஒடுங்கிப்போன கன்னம். ஆனாலும் ரோஸ்.

*

பாத்திரம் தரைக்கு வந்தது. முதல் கரண்டி.

பல்கீஸ் பார்க்காதது போலப் பார்த்தாள். வெங்காயத் தோலைக் கூட்டினாள். கூட்டிய இடத்தையே மறுபடி கூட்டினாள்.

நிறமில்லாத படி பிள்ளையின் நாக்கில் கொஞ்சம் நேரம் இருந்தது. தண்ணீரா என்று நாக்கு யோசித்திருக்கும். பிறகு அது தானாகவே வழுக்கிக்கொண்டு உள்ளே போனது. ருமைசா தொண்டையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள்.

இரண்டாவது கரண்டி. போனது. இன்னொன்று. போனது.

ரோஸ் கொஞ்சம் தயங்கியது. கரண்டியில் எடுத்து, திருப்பி வைத்து, மறுபடி எடுத்தாள். வாயில் வைத்து நாக்கால் மேலண்ணத்தில் அழுத்தி நசுக்கினாள். நசுங்கியது. போனது.

பல்கீஸ் துடைப்பத்தைச் சுவரில் சாய்த்தாள். அது சரிந்து விழுந்தது. எடுக்கவில்லை.

மஞ்சளுக்கு நேரம் ஆனது. ஒரு வாய் தின்றுவிட்டு ஜன்னல் பக்கம் போனாள். தெருவில் தண்ணீர் ஓடுவதைப் பார்த்தாள். திரும்பி வந்தாள். இன்னொரு வாய். பச்சைக்குப் பல்லைப் பயன்படுத்த வேண்டியிருந்தது. அந்தப் பிள்ளையின் பல் எதையாவது கடித்து எத்தனை காலம். கடித்தாள். நின்றாள். கண் விரிந்தது. விழுங்கினாள்.

பிற்பகல் தொழுகைக்கு அஸர் பாங்கு கேட்டது. மழை ஓய்ந்து, இலைகளிலிருந்து மட்டும் சொட்டியது.

பிறகு வெள்ளை.

வெள்ளைக்குள் வழுக்கைத் துண்டுகள் நிழல் போலத் தெரிந்தன. ருமைசா கரண்டியைக் கீழே வைத்தாள்.

"இதுல என்னமோ இருக்கு."

"எளந்தேங்காதாம்மா. மெதுவாத்தான் இருக்கும்."

"இருக்குல்ல."

அந்தக் குரல் பல்கீஸுக்குத் தெரியும். கோடையிலிருந்து தெரியும். அந்தக் குரலுக்குப் பிறகு வாய் மூடிக்கொள்ளும். போதும், இதுவே பெரிய காரியம், இன்றைக்கு இது போதும் என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டு, பாத்திரத்தை மூடத் தட்டை எடுத்தாள்.

வாசல் கதவு திறந்தது.

*

அசன் முழுக்க நனைந்திருந்தான். தண்ணீர் ஏறிவிட்டது என்று கடைத்தெருவையே அடைத்துவிட்டார்களாம். சட்டையைப் பிழிந்துகொண்டே சமையல்கட்டு வாசலுக்கு வந்தான். வந்த பிறகுதான் பார்த்தான். பிள்ளைக்கு முன்னால் ஒரு பாத்திரம். பிள்ளை கையருகே ஒரு கரண்டி.

உடனே கையைப் பின்னால் கட்டிக்கொண்டான். திரும்பினான்.

"வாப்பா."

அவன் நின்றான்.

"போகாதீங்க வாப்பா."

பல்கீஸ் தட்டைப் பிடித்தபடியே நின்றாள்.

ருமைசா வெள்ளையைப் பார்த்தாள். வாப்பாவைப் பார்த்தாள். ரொம்ப நாளாக உள்ளே வைத்திருந்த ஒரு கேள்வியைக் கேட்பது போல, மெதுவாகக் கேட்டாள்.

"எனக்குத் தொண்டையில மாட்டுச்சுன்னா நீங்க தட்டுவீங்கள்ல?"

அசனின் முகத்தில் மழைத்தண்ணீர் வழிந்துகொண்டிருந்தது. அதைத் துடைக்கக்கூட அவன் கையை முன்னால் கொண்டுவரவில்லை.

"அன்னைக்கு வலிச்சுதாம்மா ஒனக்கு?"

"வலிச்சுச்சு."

"ம்."

"ஆனா வந்துருச்சுல்ல." பிள்ளை தரையைத் தட்டிக் காட்டினாள். "இங்ஙன ஒக்காருங்க. எனக்குப் பின்னாடி."

அவன் வந்தான். ஈரச் சட்டையோடு பிள்ளைக்குப் பின்னால் சம்மணம் போட்டு உட்கார்ந்தான். கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் மடியில் வைத்தான். ருமைசா பின்னால் கையை நீட்டித் துழாவி, அவன் விரலைப் பிடித்து இழுத்து, தன் முதுகில் வைத்துக்கொண்டாள்.

பல்கீஸ் அந்த முதுகைத்தான் பார்த்தாள்.

விறைக்கவில்லை.

*

வெள்ளைப் படியில் கரண்டி இறங்கியது. சின்னத் துண்டு. அதற்குள் நிழல் போல ஒரு வழுக்கை. வாய்க்குள் போனது.

மென்றாள்.

ஒரு நொடி நின்றாள். புருவம் சுருங்கியது. அசனின் உள்ளங்கை பிள்ளையின் முதுகில் தட்டவும் இல்லை, எடுக்கவும் இல்லை. அப்படியே இருந்தது. பிள்ளையின் ஒவ்வொரு மெல்லலும் அந்தக் கைக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

மென்றாள். மென்றாள். இன்னும் மென்றாள்.

ஒரு இருமல்.

அசனின் கை விரிந்தது. பல்கீஸின் தட்டு நழுவித் தரையில் உருண்டது.

ருமைசா வேண்டாம் என்று கையைக் காட்டினாள். கண்ணை மூடினாள். சின்னத் தொண்டையில் ஏதோ ஒன்று மேலே ஏறி, கீழே இறங்கியது.

வாயைத் திறந்து காட்டினாள். உள்ளே ஒன்றும் இல்லை.

கோடையிலிருந்து எல்லோரும் சொல்லிக்கொண்டிருந்த அதே ஒன்றுமில்லை. இப்போதுதான் அது நிஜமாகவே ஒன்றுமில்லை.

பிறகு பிள்ளை திரும்பி, முழங்காலில் எழுந்து, வாப்பாவின் காதில் என்னவோ சொன்னாள். கையால் வாயை மறைத்துக்கொண்டு சொன்னாள். அசன் கேட்டான். பிள்ளையின் முகத்தைப் பார்த்தான். பிறகு கரண்டியை வாங்கி, வெள்ளையில் ஒரு துண்டு எடுத்துத் தானும் வாயில் போட்டு மென்றான். தலையை ஆட்டினான், ஆமாம் என்பது போல.

என்ன ரகசியம் என்று பல்கீஸ் கேட்கவில்லை. வாப்பாவும் மகளும் ரகசியம் பேசுகிறார்கள். அது போதும். அதைக் கேட்டுக் கலைக்க வேண்டாம்.

ருமைசா இன்னும் ஒரு துண்டு தின்றாள். இன்னும் ஒன்று. அசன் ஒன்று. ஒருவர் மாற்றி ஒருவர். வெள்ளை குறைந்துகொண்டே வந்தது. பாத்திரத்தின் அடிக்கண்ணாடி தெரிந்தது. அதன் வழியே தரை தெரிந்தது.

*

பொழுது சாய்ந்து, மஃரிப் தொழுதுவிட்டுப் பல்கீஸ் சமையல்கட்டுக்கு வந்தாள். கரண்டு வந்திருந்தது. கூடத்தில் ருமைசா வாப்பாவின் மடியில் தலை வைத்துத் தூங்கிப்போயிருந்தாள். வயிறு நிறைந்த பிள்ளையின் தூக்கம். வாய் கொஞ்சம் திறந்திருந்தது. அசன் அசையாமல் உட்கார்ந்திருந்தான். அவன் கை அவள் முதுகில் கிடந்தது, அங்கேயே மறந்து வைத்துவிட்ட பொருள் போல.

மழை நின்றே போயிருந்தது. தெருவில் யாரோ தண்ணீரில் சைக்கிள் மிதித்துப் போகும் சத்தம். எங்கோ ஒரு வீட்டில் மீன் பொரிக்கும் வாசனை. பல்கீஸுக்குப் பசித்தது. காலையிலிருந்து ஒன்றும் தின்னவில்லை என்பது அப்போதுதான் நினைவுக்கு வந்தது.

பாத்திரத்தின் ஒரு மூலையில் ஒரு துண்டு மிச்சம் இருந்தது. வெள்ளை. கரண்டியால் சுரண்டி எடுத்து வாயில் போட்டாள்.

மென்றாள். நின்றாள்.

மறுபடி மென்றாள்.

சீனி இல்லை. ஒரு துளிகூட இல்லை. வெறும் பாலும் வெறும் பாசியும் வெறும் தேங்காயும். இரண்டாவது தடவை அவசர அவசரமாகக் காய்ச்சியபோது விட்டுப்போயிருக்கிறது. பச்சைக்குப் போட்டாள். மஞ்சளுக்குப் போட்டாள். ரோஸுக்குப் போட்டாள். வெள்ளைக்கு, எல்லாவற்றையும்விடக் கஷ்டமான வெள்ளைக்கு, போடவில்லை.

பாத்திரத்தைக் கையில் எடுத்துக்கொண்டு கூடத்துக்கு வந்தாள்.

"மச்சான்." மெதுவாகக் கூப்பிட்டாள். "இதுல சீனியே இல்ல."

"தெரியும்." அவன் குரலும் மெதுவாகவே இருந்தது.

"தெரியுமா? நீங்களும் தின்னீங்க. ஒண்ணுமே சொல்லலையே."

அசன் மகளைப் பார்த்தான். அவன் உதட்டோரம் ஒன்று நெளிந்தது. அந்த நெளிவைப் பார்த்து எவ்வளவு காலம் ஆயிற்று.

"ஒம் மவதான் சொல்லக் கூடாதுன்னுட்டா."

"என்ன சொன்னா?"

"காதுல வந்து சொன்னா. 'வாப்பா, உம்மா சீனி போட மறந்துட்டாங்க. சொல்லிராதீங்க, அழுவாங்க. வாங்க, நாம ரெண்டு பேருமா தின்னுருவோம்'னு."

பல்கீஸ் நின்ற இடத்திலேயே உட்கார்ந்தாள். முதலில் சிரிப்புதான் வந்தது. பிள்ளை எழுந்துவிடக் கூடாதே என்று முந்தானையை வாயில் வைத்து அழுத்திக்கொண்டு சிரித்தாள். தோள் குலுங்கியது. பிறகு மகள் சொன்னது போலவே அழுதாள். இதுவும் சத்தமில்லாமல். எது எங்கே முடிந்து எது எங்கே தொடங்கியது என்று அவளுக்கே தெரியவில்லை.

அசன் எழவில்லை. மடியில் பிள்ளை இருந்தாள். இன்னொரு கையை நீட்டி, பல்கீஸின் முட்டியில் வைத்தான்.

மூன்று பேர், ஒரே இடத்தில், ஒரே நேரத்தில்.

பிறகு அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு, பாத்திரத்தின் மூலையில் ஒட்டியிருந்ததையும் வழித்து எடுத்தாள். பாதியை அவன் வாயில் ஊட்டினாள். பாதியைத் தான் தின்றாள். சப்பென்று இருந்தது. நிதானமாக மென்று விழுங்கினாள்.